வெள்ளம் கோரிய வழக்கு

14 அக்டோபர் 1956

அடுத்த மாதம் முதல் தேதியிலிருந்து, திருவிதாங்கூரின் தமிழ்த் தாலுகாக்களில் இருக்கும் நாங்கள் மதராஸ் ராஜ்ஜியம். திருவிதாங்கூர் போலீஸ் போய் மதராஸ் போலீஸ் வரும். அப்பா கணபதியப்பன் திருவிதாங்கூர் போலீஸ், கான்ஸ்டபிள்.

பக்கத்து வீட்டுப் பூங்கனி கேட்டாள்: “ஏட்டி, நம்ம தமிழ்ப் போலீசு வருதாம். அப்போ ஒங்கப்பா ஆரு போலீசு?”

நான் உள்ளே போய்விட்டேன். யாரோடும் பேச எனக்குக் கூச்சம். அவளுக்கு அது பழக்கம்.

20 அக்டோபர்

அப்பா தமிழில் ரிப்போர்ட் எழுதிக் காட்ட வேண்டுமாம். தேறினால் இங்கே. இல்லாவிட்டால் கேரளத்துக்கு மாற்றம். அப்பா பேசுவது தமிழ், எழுதுவது மலையாளம். ஏழாம் வகுப்போடு நின்ற நான்தான் வாத்தியார். அவருடைய எழுத்துகள் லாக்கப்பிலிருந்து தப்பியவை மாதிரி ஓடுகின்றன.

“எல்லை தாண்டிப் பாறசாலைக்கு அந்தாலே போனா, எனக்க அம்மைக்கு ஒரு தீனம் காய்ச்சல்னா நான் எப்பிடி வருவேன்?” என்றாள் அம்மை.

எனக்கு வேறு பயம். புது ஊர் என்றால் எல்லோரிடமும் முதலிலிருந்து பேச வேண்டும்.

1 நவம்பர்

கொடி ஏற்றி மிட்டாய் கொடுத்தார்கள். அப்பாவும் வரிசையில் நின்று வாங்கினார். தின்னவில்லை.

6 நவம்பர்

தேறவில்லை.

அப்பா எழுதியது: ‘ஸ்த்ரீ வெள்ளம் கோரும்போது பிரதி குடத்தைப் பறித்தான்.’

புது இன்ஸ்பெக்டர் மதுரைக்காரர். மூன்று தரம் வாசித்தாராம். “ஏய்யா, அந்தம்மா எதுக்குய்யா வெள்ளம் வேணும்னு கேட்டுச்சு? பிரதின்னா நகல். நகல் வந்து குடத்தைப் புடுங்குமா?”

மலையாளத்தில் பிரதி என்றால் குற்றம் சாட்டப்பட்டவன். அதை எழுதியது தப்புதான். ஆனால் வெள்ளம் கோருவதை வெள்ளம் கோருவது என்று எழுதாமல் வேறு எப்படி எழுதுவது?

இனிக் கேரளம்தான்.

15 நவம்பர்

பூங்கனியின் அம்மா சொர்ணம்மாளின் ஆடு களவு போயிற்று. வேலி வழியாக ஒருவன் இழுத்துப் போனதை நான் பார்த்தேன். பூங்கனியிடம் மட்டும் சொன்னேன். ஊருக்கே தெரிந்துவிட்டது.

16 நவம்பர்

சாட்சி சொல்ல என்னை ஸ்டேஷனுக்கு இழுத்துப் போனார்கள். மாற்ற உத்தரவு வரும்வரை அப்பா அங்கே வெளியே காவல்.

சொர்ணம்மாள் சொன்னாள்: “வெள்ளம் கோரப் போனேன் ஐயா. வந்து பாத்தா ஆட்டைக் காணல்ல.”

புதுக் கான்ஸ்டபிள் எழுதியதை இன்ஸ்பெக்டர் உரக்க வாசித்தார்: ஆடு வெள்ளத்தில் போய்விட்டது, களவு இல்லை.

“எனக்க ஆடு என்ன, கப்பலா?” என்றாள் சொர்ணம்மாள்.

யாரும் சிரிக்கவில்லை. நான் சுவரைப் பார்த்துச் சொன்னேன்: “வெள்ளம்னா தண்ணி. கோருறதுன்னா கிணத்துல எடுக்கது.”

“யாரு சொன்னா?”

“எல்லாரும் அப்பிடித்தான் சொல்லுவாவ.”

“அப்ப கான்ஸ்டபிள் கணபதியப்பன் எழுதினது?”

“தமிழுதான். பிரதி மட்டும் மலையாளம்.”

இன்ஸ்பெக்டர் அப்பா எழுதிய தாளை எடுத்து மறுபடி வாசித்தார். பிறகு, “அவரைக் கூப்பிடு,” என்றார். அப்பா வந்து உட்கார்ந்து, சொர்ணம்மாள் பேசிய தமிழை இன்ஸ்பெக்டருக்குத் தமிழில் சொன்னார்.

18 நவம்பர்

ஆடு கிடைத்தது. இளைத்திருக்கிறது.

9 டிசம்பர்

உத்தரவு வந்தது. அப்பா மதராஸ் போலீஸ். அம்மை பாயசம் வைத்தாள்.

சாயங்காலம் இன்னொரு உத்தரவு: அப்பாவுக்குத் தேங்காய்ப்பட்டணத்தில் வேலை. கடற்கரைக்காரர்கள் பேசுவது புதுப் போலீசுக்கு ஒன்றும் விளங்கவில்லையாம். விளங்குகிற ஆள் அப்பாதானாம்.

அப்பாவுக்கும் விளங்காது. அதை அவர் யாரிடமும் சொல்லவில்லை.

12 டிசம்பர்

வந்து சேர்ந்தோம். அடுப்புப் பற்றவைக்கத் தீப்பெட்டி இல்லை. பக்கத்து வீட்டில் போய் நான்தான் கேட்டேன். அந்த அம்மா நிறையப் பேசினார். பாதி விளங்கியது.

மீதியையும் விளங்கிக்கொண்டு அப்பாவுக்குச் சொல்ல, மறுபடியும் போனேன்.