முழு உடையோடு இருநூறு பவுண்டு

அக்டோபர் 14

இருநூற்று இருபத்தொன்பது.

குளியலறையில் எடை மெஷின் மேல் வெர்னன் ஏறி நின்றபோது காட்டிய எண் இது. இடுப்பில் கட்டியிருந்த துண்டைக்கூட அவிழ்த்து வைத்துவிட்டுத்தான் நின்றான். "மெஷின் பழசு நடீன், அது பாட்டுக்கு எதையாவது காட்டும்" என்றான். போன வாரம் வாங்கிய மெஷின்.

ஏப்ரல் 11ஆம் தேதி காலை நாங்கள் இருவரும் கோவேறு கழுதை மேல் ஏறி, கிராண்ட் கேன்யன் பள்ளத்தாக்கின் அடிவரைக்கும் இறங்கி, ஓர் இரவு அங்கே தங்கி, மறுநாள் மேலே வரவேண்டும். வழிகாட்டி கூடவே வருவார். குலுக்கலில் பெயர் விழுந்தால்தான் இடம். பயணத்துக்குப் பதினைந்து மாதம் முன்பே அவனுக்குத் தெரியாமல் பெயர் கொடுத்தேன், முதல் தடவையே விழுந்துவிட்டது. அந்தக் கடிதத்தை எட்டு மாதம் என் காலுறைகளுக்கு அடியில் ஒளித்து வைத்திருந்து, நேற்று அவன் பிறந்தநாளுக்குக் கொடுத்தேன். படித்துவிட்டு ரொம்ப நேரம் பேசவில்லை. சந்தோஷத்தில் வாயடைத்துப்போய்விட்டான் பாவம்.

ஆனால் கடிதத்தின் அடியில் சின்ன எழுத்தில் ஒரு வரி. எட்டு மாதமாக நான் கவனிக்காத வரி. ஏறுபவர் உடை, பூட்ஸ் எல்லாம் சேர்த்து இருநூறு பவுண்டுக்கு மேல் இருக்கக் கூடாது. உடைக்கும் பூட்ஸுக்கும் ஆறு பவுண்டு வைத்தால் வெர்னன் நூற்றுத் தொண்ணூற்று நாலில் இருக்க வேண்டும். ஆறு மாதத்தில் முப்பத்தைந்து பவுண்டு. பள்ளிக்கூட அலுவலகத்தில் நானூறு பிள்ளைகளின் வருகையைப் பார்க்கிறவள் நான். ஒரு ஆளைப் பார்த்துக்கொள்ள முடியாதா?

சரக்கு அலமாரியின் கதவு நிலையில் பென்சிலால் தேதியும் எடையும் எழுதிவிட்டேன். வாரா வாரம் எழுதப்போகிறேன்.

அக்டோபர் 22

அவன் வேலையே எனக்கு எதிரி. எங்கள் ஊர் ஹோல்புரூக்கைச் சுற்றி ஐம்பது மைல் வட்டத்தில் வீடு வீடாகப் போய் சமையல் கேஸ் தொட்டியை நிரப்புகிற வேலை. போகிற வீட்டில் எல்லாம் மாவுக்குள் பழம் வைத்து இனிப்புப் பை சுட்டு வைத்துக்கொண்டு காத்திருக்கிறார்கள். இன்று சட்டைக் காலரில் பீச் பழ ஜாம்.

"என்னது இது?"

"கிரீஸ்."

நக்கிப் பார்த்தேன். கிரீஸ் இல்லை.

நவம்பர் 5

226. மூன்று வாரத்தில் மூன்றே பவுண்டு.

காலையில் அவனுக்கு ஓட்ஸ் வைத்துவிட்டு வந்தால், மேஜைக்கு அடியில் மடித்த செய்தித்தாளுக்குள் நாலு பிஸ்கட், பன் மாதிரி மெத்தென்ற ரகம், கிரேவியோடு. பிடுங்கிக்கொண்டேன். "டாக்டரம்மா, ஒண்ணாவது விடு" என்று கெஞ்சினான். விடவில்லை. சூடு ஆறுவதற்குள் நானே சாப்பிட்டுவிட்டேன். தூக்கிப்போட மனசு வரவில்லை.

நவம்பர் 29

நன்றி நாள் விருந்து முடிந்து மிச்சம் இருந்த பூசணிப் பை முக்கால் வட்டம். வீட்டில் இருந்தால் அவன் கை சும்மா இருக்காது. இரண்டு நாளில் நானே தீர்த்துவிட்டேன். ஒரு ஆள் நல்லபடியாக இளைக்க வீட்டில் இன்னொரு ஆள் எவ்வளவு பாடுபட வேண்டியிருக்கிறது.

டிசம்பர் 24

பக்கத்து வீட்டு லூப்பே வழக்கம்போல மக்காச்சோள மாவுக்குள் கறி வைத்து அவிக்கிற தமாலே கொண்டுவந்தாள். நாலு டஜன். வாசலிலேயே நிறுத்தி, "இந்த வருஷம் வேண்டாம் லூப்பே, வெர்னன் கழுதை ஏறணும்" என்றேன்.

"கழுதை ஏறட்டும். அதுக்கு என் தமாலே என்ன பாவம் பண்ணுச்சு?" என்று பாத்திரத்தை என் கையில் திணித்துவிட்டுப் போய்விட்டாள்.

அவனுக்கு இரண்டு கொடுத்தேன். எண்ணித்தான் கொடுத்தேன். மீதியை ஃப்ரீசரில் வைத்தால் திருடுவான் என்று தெரியும். லூப்பே இரண்டு நாள் நின்றுகொண்டே செய்தது, வீணாக்க முடியுமா?

ஜனவரி 9

துணி காயவைக்கிற டிரையர் கெட்டுப்போய்விட்டது போல. என் பேன்ட் எல்லாம் சுருங்குகிறது.

பிப்ரவரி 6

212-இல் நின்றுவிட்டான். மூன்று வாரமாகக் கதவு நிலையில் அதே எண்ணை எழுதி எழுதி பென்சில்தான் தேய்கிறது.

இன்று மதியம் தபால் நிலையத்துக்குப் போகிற வழியில் அவன் லாரி ஒரு வீட்டு வாசலில் நிற்பதைப் பார்த்தேன். கேஸ் குழாய் லாரியிலேயே சுருட்டி வைத்தபடி இருந்தது. சமையலறை ஜன்னல் வழியாகப் பார்த்தால் மனுஷன் முள்கரண்டியோடு உட்கார்ந்திருக்கிறான். ஜன்னலைத் தட்டினேன். எழுந்து ஓடவில்லை, மறைக்கவும் இல்லை. இன்னொரு வாய் எடுத்து நிதானமாகச் சாப்பிட்டான்.

எனக்குப் புரியவே இல்லை. முப்பத்தொரு வருஷமாக ஃப்ரிட்ஜ் கதவில் கேன்யனில் கழுதைகள் வரிசையாக இறங்குகிற படம் போட்ட தபால் அட்டையை ஒட்டி வைத்திருக்கிறவன் அவன்தானே? நானா ஒட்டினேன்? வீடு மாறினோம், ஃப்ரிட்ஜே இரண்டு தடவை மாறியது, அந்தத் தபால் அட்டை மட்டும் மாறவில்லை. அவ்வளவு ஆசை இருக்கிறவன் ஏன் இப்படித் தின்னு தொலைக்கிறான்?

பிப்ரவரி 24

207. சண்டை.

வாரா வாரம் நடக்கிற சண்டை மாதிரித்தான் ஆரம்பித்தது. "ஒரு கழுதைக்காக என்னை இந்தப் பாடு படுத்துறியே" என்றான். அப்போதுதான் வாயை விட்டுவிட்டேன்.

"கழுதைக்காக இல்ல. அன்னைக்கு நான் உனக்குப் பண்ணினதுக்காக."

இவ்வளவு வருஷத்தில் நாங்கள் பேசிக்கொள்ளாத விஷயம். கல்யாணம் ஆன ஐந்தாவது நாள், விடியற்காலையில் இதே கேன்யனுக்கு மேலே, கழுதைத் தொழுவத்தில் நிற்கிறோம். அப்போது அவன் நூற்றைம்பத்தாறு பவுண்டு. சேணம் எல்லாம் கட்டியாகிவிட்டது. நான் பள்ளத்தாக்கின் விளிம்பைப் பார்த்தேன். என்னால் முடியாது என்று சொல்லிவிட்டேன். எல்லோர் முன்னாலும் அழுதேன். அவன் தொப்பியைக் கழற்றி, "சரி, வா, ஐஸ்க்ரீம் சாப்பிடலாம்" என்றான். அவ்வளவுதான். ஒரு வார்த்தை குறை சொன்னதில்லை. அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் வறுத்த கோழியின் இரண்டு காலும் அவன் தட்டில்தான். எனக்கு நெஞ்சுக்கறி. ஏன் என்று அவன் கேட்டதும் இல்லை, நான் சொன்னதும் இல்லை.

இன்று எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். "உன் ஆசையைக் கெடுத்தவ நான். செத்துப்போறதுக்குள்ள ஒரு தடவையாவது உன்னை அங்க கொண்டுபோய் விடணும்னு பார்க்கிறேன். நீ என்னடான்னா பை தின்னுட்டு இருக்க."

வெர்னன் முகம் என்னமோ மாதிரி ஆகிவிட்டது. நாயைக் கூட்டிக்கொண்டு நடக்கப் போய்விட்டான்.

மார்ச் 20

198. பை இல்லை. பிஸ்கட் இல்லை. வேலை முடிந்து தினமும் ஆற்றங்கரை வரை நடை. நான் ஒரு வார்த்தை சொல்வதில்லை, அவனும் பேசுவதில்லை. நன்றாகத்தானே போகிறது, எனக்கு ஏன் எரிச்சல் வருகிறது?

ஏப்ரல் 9

192. நிலையில் எழுதிவிட்டுச் சுற்றி வட்டம் போட்டேன். "பாத்தியா? நான் சொன்னேன்ல?" என்றேன். "சொன்ன" என்றான். ஆள் ஜுரம் வந்தவன் மாதிரி இருக்கிறான். நாளைக்குக் கிளம்புகிறோம். என் பழைய ஜீன்ஸ் பொத்தான் போட வரவில்லை, வேறு எடுத்து வைத்தேன். அந்த டிரையரை மாற்றியே ஆகவேண்டும்.

ஏப்ரல் 10, விடுதி அறையில்

எழுதக் கை வரவில்லை. எழுதாமல் இருக்கவும் முடியவில்லை.

பதிவு மேஜைக்குப் பக்கத்தில் எடை மெஷின். வெர்னன் ஏறினான். பூட்ஸ், தொப்பி, பெல்ட் எல்லாம் சேர்த்து 198. நான் கை தட்டினேன். பின்னால் நின்ற டெக்ஸஸ்காரர்களும் தட்டினார்கள்.

"அடுத்து நீங்க மேடம்" என்றாள் அங்கே இருந்த பெண்.

நானா? நான் எதுக்கு?

ஏறினேன். 204.

"இது சரியில்ல. நான் நூத்தி எண்பத்தொண்ணு" என்றேன்.

"எப்போ மேடம்?"

ஆகஸ்டில். டாக்டர் அறையில். ஆறு மாதம் அந்த மனுஷனை நிறுத்தி நிறுத்தி எழுதினேன், நான் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை ஏறிப் பார்க்கவில்லை. ஜாக்கெட்டைக் கழற்றினேன். கூடாது, முழு உடையோடுதான் என்றாள். சாவிக்கொத்தை வெளியே எடுத்து வைத்தேன். அந்தப் பெண் கண்ணைத் தாழ்த்திக்கொண்டு, "மன்னிச்சுக்கோங்க" என்றாள். நல்ல பெண். அதுதான் இன்னும் அவமானமாக இருந்தது.

டிரையராம் டிரையர். அவன் பிஸ்கட் எங்கே போச்சு? பூசணிப் பை எங்கே போச்சு? நாற்பத்தாறு தமாலே எங்கே போச்சு?

வெர்னன் உடனே, "அப்ப நானும் போகல. சேர்ந்தேதான் போகணும். வா, ஐஸ்க்ரீம் சாப்பிடலாம்" என்றான். அதே வார்த்தை. எனக்கு ரத்தம் கொதித்துவிட்டது. "ரெண்டாவது தடவையும் என்னால நீ மேலயே நிக்க மாட்ட. போற. நீ போற வெர்னன்" என்று கத்தினேன். டெக்ஸஸ்காரர்கள் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

சரி என்று தலையாட்டினான். கண்கள் கலங்கியிருந்தன. என் மேல் இவ்வளவு அன்பா என்று நினைத்துக்கொண்டேன்.

ஏப்ரல் 11

காலை ஏழரைக்குத் தொழுவத்தில் இருந்து கிளம்பிவிட்டார்கள். வழிகாட்டி ரோஸன் என்ற பெண், வெயிலில் காய்ந்த முகம். "கழுதை வெளி ஓரமாத்தான் நடக்கும், பழக்கம் அப்படி. பயப்படாதீங்க, சாயங்காலத் தீனி எங்க இருக்குன்னு அதுக்கு நல்லாவே தெரியும்" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். வெர்னன் சேணக் கொம்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தான். திரும்பிப் பார்த்துக் கையாட்டக்கூட இல்லை.

வரிசை கண்ணுக்கு மறைந்ததும் எனக்கு அறையில் இருக்கப் பிடிக்கவில்லை. கோபம் காலில் இறங்கிவிட்டது. அவர்கள் போன பாதையிலேயே நடந்தேன். பாதைக்காகப் பாறையில் வெட்டிய முதல் குடைவு தாண்டினேன். இரண்டாவது குடைவும் தாண்டினேன். தண்ணீர்க் குழாய் இருக்கிற இடத்தில் உட்கார்ந்தேன். ஒன்றரை மைல் என்று பலகை சொன்னது. காலுக்கு ஒரு கஜம் தள்ளி ஒன்றுமே இல்லை, வெறும் காற்று. எட்டிப் பார்த்தேன். தலை சுற்றவில்லை. கீழே பச்சையாக ஒரு கோடு தெரிந்தது. அதையும் தாண்டிப் போக வேண்டும் போல இருந்தது.

பயம் எப்போது போனது? யாருக்குத் தெரியும். போய்விட்டது, நான்தான் கவனிக்கவில்லை. எடையைக் கவனிக்காதது மாதிரி.

ஏறி வருவதற்குள் நாக்கு தள்ளிவிட்டது.

ஏப்ரல் 12

வேறு பாதை வழியாக மதியத்துக்குள் மேலே வந்துவிட்டார்கள். கழுதையை விட்டு இறங்கிய வெர்னன் தரையிலேயே உட்கார்ந்துகொண்டான்.

"எப்படி இருந்துச்சு?"

"நல்லா இருந்துச்சு."

"ஆறு?"

"தண்ணி இருந்துச்சு."

ஆறு மாதம் நான் பட்ட பாட்டுக்கு இதுதான் பதிலா? வீடு வரும்வரை மூன்று மணி நேரம் தூங்குகிற மாதிரி நடித்தான்.

ஏப்ரல் 19

இன்று மனசு கேட்காமல் அவனுக்காக பிஸ்கட்டும் கிரேவியும் செய்தேன். மூன்று சாப்பிட்டான். நாலாவதைக் கையில் எடுத்துவிட்டு வைத்தான்.

"நான் கண்ணைத் திறக்கவே இல்ல, நடீன்."

"எப்போ?"

"கீழ போற வரைக்கும். பாலம் வந்தப்ப ஒரு கண்ணை மட்டும் திறந்தேன். திரும்ப மூடிட்டேன். அந்த ரோஸன் பொண்ணு கயித்தைப் பிடிச்சு என் கழுதையைத் தன்னோட கழுதைக்குப் பின்னாலயே கட்டிக்கிட்டா."

எனக்கு விளங்கவில்லை. உனக்குப் பயமா என்று கேட்டேன்.

"எப்பவுமே. அன்னைக்கு நீ என்னால முடியாதுன்னு அழுத பாரு, எனக்கு அப்பதான் உயிரே வந்துச்சு. நீ சொல்லலைன்னா இன்னும் ரெண்டு நிமிஷத்துல நான் அழுதிருப்பேன்."

"அப்ப அந்தப் படம்? ஃப்ரிட்ஜ்ல இருக்கே?"

"அது நான் தப்பிச்ச நாள்."

முப்பத்தொரு வருஷம். முப்பத்தொரு வருஷம் நான் அந்தப் படத்தைப் பார்த்துப் பார்த்துச் செத்தேன். ஏன்டா சொல்லல என்று கேட்டேன். ஆமாம், டா என்றுதான் கேட்டேன்.

"மொதல்ல வெக்கம். அப்புறம் நீ கோழிக் காலை எல்லாம் எனக்கே வச்ச. நல்லா இருந்துச்சு, விட்டுட்டேன். இருநூறுக்கு மேல இருந்தா அவங்களே அனுப்பிடுவாங்க, யார் மேலயும் தப்பு இருக்காதுன்னு பை சாப்பிட்டேன். பிப்ரவரியில நீ அழுதியா, அதுக்கப்புறம் எனக்கு எதுவும் இறங்கல. சரி, உனக்காகப் போயிடலாம்னு பார்த்தேன்."

எழுந்து போய் அந்தப் படத்தைக் கிழிக்கப் பார்த்தேன். எத்தனை வருஷ ஒட்டு, வரவே இல்லை.

ஏப்ரல் 21

அவனோடு பேசுவதில்லை.

ஏப்ரல் 24

இன்றும் பேசவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கழுதை மேல் ஐந்து மணி நேரம். எனக்காக. இதை நினைத்தால் கோபம் பாதியில் நின்றுவிடுகிறது, அதுவும் கோபமாக இருக்கிறது.

ஜூன் 1

187.

கதவு நிலையில் அவன் எண்களுக்குப் பக்கத்தில் புதிதாக ஒரு வரிசை, வெர்னன் கையெழுத்தில். தலைப்பு: மேடம். நேற்று என் தட்டிலிருந்து டோனட்டைப் பிடுங்கியபோது அவன் முகத்தில் இருந்த சந்தோஷத்தை எந்தப் பிறந்தநாளிலும் நான் பார்த்ததில்லை.

அடுத்த வருஷம் செப்டம்பர் பயணத்துக்கான குலுக்கலுக்கு விண்ணப்பம் எழுதினோம். நான் எழுத, அவன் என் தோளுக்குப் பின்னால் நின்று சின்ன எழுத்தை எல்லாம் சத்தமாகப் படித்தான். எத்தனை பேர் என்ற கட்டத்தில் ஒன்று என்று போட்டேன்.

"நான் மேலயே நிக்கிறேன். வரும்போது ஐஸ்க்ரீம் வாங்கி வைக்கவா?" என்றான்.

"உருகாம வச்சிருந்தாப் போதும்" என்றேன்.

இன்று வறுத்த கோழி. இரண்டு காலையும் நானே எடுத்துக்கொண்டேன். அவன் ஒன்றும் சொல்லாமல் என் தட்டைத் தன் பக்கம் இழுத்து, தோலை மட்டும் உரித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தான்.