சிப்பி மேட்டில் ஒரு பிடி மண்

ஓல்போர்க்
ஆவணி 18, 2025

அக்கா,

பேனாட் அண்ணையின் வேலையைப் பறித்தது நீதான்.

சுகம் விசாரிக்க மனம் வரவில்லை. நேற்றுப் பூசை முடிந்து அவரைக் கண்டேன். உங்கள் தொல்லியல் அகழ்வில் சல்லடையில் மண் அரித்துக்கொண்டிருந்த மனிதர், வேலையை நிரந்தரமாக்குவார்கள் என்று நம்பியிருந்தவர். "குழிக்குள்ள மண் போட்டது நான்தான் எண்டு சொல்லிட்டன் தம்பி. அக்காவுக்குப் பிரச்சினை வரக்கூடாது" என்றார்.

போட்டது எங்கள் அம்மா. நீ பக்கத்தில் நின்றாய்.

ரொஷான்


லிம்பியோர்ட் கரை
ஆவணி 26

அன்புத் தம்பி,

ஓம், நின்றேன். பார்வையாளர் நாளில் அம்மாவைத் தடுப்புக் கயிற்றைத் தாண்டி உள்ளே கூட்டிப்போனதும் நான்தான். பெருமை. இடைக்கற்கால மக்கள் தின்று எறிந்த சிப்பி ஓடுகளுக்கு நடுவே, ஆறாயிரம் ஆண்டுக்கு முந்திய ஒரு குழந்தையின் எலும்புகள். அம்மா சிலுவை போட்டா. "ஆரும் மண் போடாமல் விட்டிட்டினமே பிள்ளை" என்றா. நான் தடுக்குமுன், அடக்கத்துக்குப் போனால் போடுவதுபோல ஒரு பிடி அள்ளிப் போட்டுவிட்டா. ஆய்வுக்கூடத்துக்கு அனுப்ப இருந்த மண் கலந்துபோனது.

மண் போட்டது ஆர் என்று அகழ்வுப் பொறுப்பாளர் கேட்டபோது பேனாட் அண்ணை "யா, மை" என்றார். ஓம், நான் என்று. அவருடைய டேனிஷ் அவ்வளவுதான். என்னைப் பார்த்தார். நான் சிப்பிகளைப் பார்த்தேன்.

வெளியாளை உள்ளே விட்டது நான் என்று தெரிந்தால் என் ஒப்பந்தம் போய்விடும். இரவில் நித்திரை இல்லை. அம்மாவுக்குச் சொல்லாதே.

ஸ்ரெபானி


ஓல்போர்க்
மார்கழி 14

அக்கா,

ஐப்பசியில் எழுதியதற்கும் பதில் இல்லை. நத்தார்ப் பண்டிகைக்கு வரமாட்டாயாம், அம்மாவுக்குச் செய்தி அனுப்பியிருக்கிறாய்.

செத்து ஆறாயிரம் ஆண்டான எலும்பைத் தூரிகையால் துடைக்கிறீர்கள். உயிரோடு நிற்கிறவனை மண்வெட்டியால் வழித்து எறிகிறீர்கள். நானும் பெரிய ஆள் இல்லை. நீ கேட்டாய் என்பதற்காக வாயை மூடிக்கொண்டு, ஞாயிறுதோறும் பூசையில் அவருக்குக் கை கொடுக்கிறேன்.

அம்மா கோயிலில் எல்லோரிடமும், "என்ர பிள்ளை ஒரு குழந்தைக்கு மண் போட விட்டவள்" என்று சொல்லித் திரிகிறா. பேனாட் அண்ணை பக்கத்தில் நின்று தலையாட்டுகிறார். வேலை இல்லை, ஆனாலும் அம்மாவைக் காரில் ஏற்றி இறக்குவது அவர்தான். இன்று வழியில் அம்மா கேட்டா:

"அந்தப் பிள்ளையை மூடிட்டினமோ தம்பி?"

"ஓம் அன்ரி, வடிவா மூடியாச்சு."

அந்தக் குழந்தை ஆய்வுக்கூடத்தில் எந்தப் பெட்டிக்குள் கிடக்கிறது என்பது உனக்குத் தெரியும்.

உனக்காக அவர் சொன்ன பொய் இத்தோடு இரண்டு. பொறுப்பாளரிடம் போய் முதலாவதையாவது திருத்து.

ரொஷான்