பதினொரு நாள் பிந்தியவள்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். நீயும் வயிற்றிலிருக்கும் குழந்தையும் நலமாயிருக்க வேண்டும். தையல் கடையை ஒரு நாள் மூடிவிட்டு உன் அம்மாவோடு நீதிமன்றம் போய் வந்தேன். போனில் அவள் இரண்டே வார்த்தையில் சொல்லி முடித்திருப்பாள். மீதியை நான் சொல்லாவிட்டால் எனக்குத் தலை வெடித்துவிடும்.

உன் டீச்சர் அம்மா ஜெயித்துவிட்டாள்!

உனக்குத் தெரிந்த கதைதான். ஆனாலும் முதலிலிருந்து சொன்னால்தான் எனக்கு ருசி. ஆசிரியர் வேலைக்கான தேர்வில் ஏழாவது இடம் வாங்கியவள் உன் அம்மா. நீ பிறந்ததால் அனுமதி பெற்று, பதினொரு நாள் கழித்து வேலையில் சேர்ந்தாள். அதற்காகப் பணிமூப்புப் பட்டியலில் அவளை இருநூறு பேருக்குக் கீழே தள்ளிவிட்டார்கள். இப்படிப் பிள்ளை பெற்றுவிட்டுப் பிந்திச் சேர்ந்தவர்கள் மொத்தம் பதினைந்து பேர். தேர்வு வரிசைப்படி திருத்துங்கள் என்று நீதிமன்றம் சொல்லி இரண்டு வருடமாயிற்று. சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க வேண்டுமே! அவமதிப்பு வழக்குப் போட்டு, அதிகாரியே நேரில் வரவேண்டும் என்று உத்தரவான பிறகுதான் அந்தக் கல்வி ஆபீஸுக்கு உயிர் வந்தது.

விசாரணைக்கு முன்னால் வராந்தாவில் ஆபீஸ் கிளார்க் குழைந்துகொண்டு வந்தார். உங்க ஒருத்தர் புரமோஷன் ஆர்டர் மட்டும் ரெடியா இருக்கு டீச்சர், கேஸை வாபஸ் வாங்கிட்டா இன்னைக்கே கையில குடுத்துடுறோம் என்றார். அம்மா ஓய்வு பெறப் பத்தொன்பது வேலை நாள்தான் பாக்கி. வழக்குத் தள்ளிப்போனால் தலைமை ஆசிரியர் நாற்காலியை அவள் வெளியே நின்றுதான் பார்க்க வேண்டும். உன்னிடம் மறைப்பானேன்? வாங்கிக்கோயேன் என்று நான் அவள் முழங்கையை இடித்தேன். வகுப்பில் பேசுகிற பிள்ளையைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தாள். மீதி பதினாலு பேரும் பிள்ளை பெத்ததுக்குத் தண்டனை அனுபவிக்கட்டும்னு நான் கையெழுத்துப் போடணுமா, வேற ஆளைப் பாருங்க என்று அவரை அனுப்பிவிட்டாள்.

உள்ளே அதிகாரி, பட்டியல் தயாராகிக்கொண்டிருக்கிறது என்று இழுத்தார். மாலைக்குள் வரட்டும், அதுவரை நீங்கள் இங்கேயே உட்காருங்கள் என்றார் நீதிபதி. அடியாத மாடு படியாது. இரண்டு வருடம் தயாராகாத பட்டியல் மூன்றரை மணிக்கு வந்துவிட்டது!

அம்மா வக்கீல் கையிலிருந்த நகலை வாங்கி, வருகைப் பதிவேடு பார்ப்பதுபோல் சிவப்புப் பேனாவால் ஒவ்வொரு பெயராகக் குறித்தாள். பதினான்குதான் இருந்தது. போன வருடம் ஓய்வு பெற்ற அறிவியல் டீச்சரின் பெயரைக் காணோம். வக்கீல் எழுவதற்குள் இவள் எழுந்து, பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி வலது கையைத் தூக்கிவிட்டாள். ஒரு பேர் விட்டுப்போச்சுங்க ஐயா என்றாள். வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். நீதிபதி சிரித்துவிட்டு அந்தப் பெயரையும் சேர்க்கச் சொன்னார். நானே தைத்த சட்டை என்பதால்தான் எனக்குப் பித்தான் தெறிக்கவில்லை.

முந்தாநாள் தலைமை ஆசிரியராகப் பொறுப்பேற்றாள். இன்னும் பதினேழு நாள். போதும் என்கிறாள்.

இனி உன் விஷயம். பிள்ளை வரப்போகிறது, அதனால் தலைமை நர்ஸ் பதவி வேண்டாமென்று எழுதிக் கொடுக்கப் போவதாகப் போன கடிதத்தில் சொல்லியிருந்தாய். உன்னால்தான் அம்மா பின்தங்கினாள் என்று சின்ன வயதிலிருந்து நீ மனதுக்குள் வைத்துப் புழுங்குவதும் எனக்குத் தெரியும். உன் கடிதத்தை அம்மா இரண்டு தடவை படித்தாள். சிவப்புப் பேனாவைத் தேடினாள். நான் ஒளித்து வைத்துவிட்டேன். தேடுவதை விட்டுவிட்டு, பாப்பா என்னைப் பின்னால தள்ளல, ஆபீஸ்தான் தள்ளுச்சு, இதை அப்படியே எழுதுங்க என்றாள். எழுதிவிட்டேன்.

அந்தக் காகிதத்தில் கையெழுத்துப் போடாதே, கண்ணு. அம்மாவுக்குப் பதினேழு நாளும் முடிந்த மறுநாளே நாங்கள் இரண்டு பேரும் வண்டி ஏறிவிடுவோம். பிள்ளையை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம். நீ உன் இடத்தில் போய் உட்கார்.

என்றும் உன் நலம் வேண்டும்,
அப்பா