மூணாவது தடவை கூப்பிட்ட குரல்

அம்மாவுக்குக் கும்புடு. உன் முட்டிவலி கொறஞ்சுதா? நான் கல்லு மாதிரி இருக்கேன்.

நான் வேலை பாக்குற வானிலை நிலையம் மலை உச்சியில இருக்கு. கீழ நேரா கடல். காத்து அடிச்சு அடிச்சு மரமெல்லாம் ஒரே பக்கமா சாஞ்சு நிக்குது. மலைக்கு இந்தப் பக்கம் மழை கொட்டும், அந்தப் பக்கம் பொட்டுத் தண்ணி கெடையாது. மத்தியானம் கடல்லேர்ந்து மூடுபனி ஏறுனா நீட்டுன கையே தெரியாது. அதனால ரூம்லேர்ந்து மழைமானி வரைக்கும் கயிறு கட்டியிருக்கு. அதப் பிடிச்சுக்கிட்டுத்தான் போய் அளவெடுக்கணும்.

வியாழக்கிழமை, நாப்பது அடிதானேன்னு கயித்த விட்டுட்டேன். பனிக்குள்ளேர்ந்து "டேய் வாலு"ன்னு ஒரு குரல். ஒரு தடவை கூப்பிட்டா திரும்பாத, மூணாவது தடவையும் கூப்பிட்டாத்தான் மனுசக் குரல்னு நீ சொல்லுவியே, அதான் காத்திருந்தேன். மூணு தடவையும் உன் குரல்தான். அந்தப் பக்கமா நடந்தேன்.

கயிறு ஆடலையேன்னு பாத்து ஓடி வந்த சூப்பர்வைசர் காலரப் பிடிச்சு இழுத்தாரு. "எங்க தொரை கெளம்பிட்டீங்க? இன்னும் ரெண்டு எட்டு வச்சா மீனுக்கு விருந்து!"

ரெண்டு பேரும் சிரிச்சுட்டோம். பயப்படாத, இப்ப கயித்த விடுறதே இல்ல. ஆனா இங்க யாருக்கும் என்னோட 'வாலு'ங்குற அந்தப் பேரு தெரியாதும்மா.

கம்பளி சாக்ஸ் ரெண்டு ஜோடி அனுப்பு, இங்க எதுவும் காய மாட்டேங்குது. தபால் ஜீப் வந்துடுச்சு. வியாழக்கிழமை மூணு மணிக்கு என்னைக் கூப்பிட்டியான்னு எழுது. கூப்பிடலைன்னாலும் கூப்பிட்டேன்னே எழுது.

உன் மகன்