கை நனையாத உடன்பாடு

அறம் வழுவாது வெண்கோட்டு நாட்டை ஆளும் பெருநற்கோ வேந்தரின் திருவாணைப்படி, மேல்முறையீட்டு அவையின் அமைச்சர் காரிநம்பி, அவ்வேந்தர்க்கு உட்பட்ட கல்லகநாட்டுத் தலைவர் விக்கியண்ணருக்கு விடுத்த ஓலை. தங்கள் நாட்டில் ஏரிகள் நிறைக, குடிகள் தழைக்க, தங்களுக்கும் நல்லறிவு உண்டாகுக.

மேல்மதகு தங்களுக்கே உரியது என ஊர்ச்சபை தீர்த்ததை எதிர்த்து, அம்மதகுத் தண்ணீரையே நம்பி உழும் உமையாண்டாள் இவ்வவையில் முறையிட்டிருந்தாள். வழக்கு முடியுமுன்னரே இருவரும் இசைந்துவிட்டதாகவும், முறைவைத்து அவள் வயலுக்குத் தாங்கள் மதகு திறப்பதாகவும், அவள் தன் நிலத்தின் ஊடே தங்கள் வாழைத்தோட்டத்துக்குக் கால்வாய் விடுவதாகவும், ஆகவே முறையீட்டை முடித்துவைக்குமாறும் விண்ணப்பித்தீர்கள். அவையும் நம்பி மகிழ்ந்தது.

தண்ணீர் வழக்கில் இசைந்தோர், ஒருவர் வயலுக்கு மற்றவர் தம் கையாலேயே தண்ணீர் திறந்து, அந்த ஈரக்கையாலேயே உடன்பாட்டு ஓலையில் விரல் பதிப்பது இந்நாட்டு மரபு. உமையாண்டாள் முழங்கால் சேற்றில் இறங்கித் தங்களுக்குக் கால்வாயை வெட்டித் திறந்தாள். தாங்களோ கரைமேல் குடைநிழலில் நின்றுகொண்டு பணியாளன் ஒருவனை இறக்கிவிட்டீர்கள். ஏவலன் கையும் தம் கையே என்று பெருமை வேறு பேசினீர்களாம். கதிர் பால்பிடிக்கும் வேளையில் அதே மதகு அடைபட்டது. கேட்டதற்கு, பணியாளன் தன்னிச்சையாய்ச் செய்தான், தமக்கு அதில் பொறுப்பில்லை என்றீர்கள். திறந்தபோது தங்கள் கையாய் இருந்தது, அடைத்தபோது மட்டும் யார் கையாயிற்று? இந்த அவையின் காதில் பூச்சுற்ற எண்ண வேண்டா.

தங்களோடு இசைந்ததே மானத்தை விழுங்கிக்கொண்டுதான் என்றும், இந்த விளைச்சலும் போனால் நிலத்தைத் தங்களுக்கே விற்றுவிட்டு ஊரைவிட்டுப் போவதன்றி வேறு வழியில்லை என்றும், தாங்கள் காத்திருப்பதும் அதற்கே என்றும் உமையாண்டாள் அவை முன் நின்று உரைத்தாள். பதிலுக்கு அவளும் கால்வாயை அடைத்துவிடலாமே என யாமே வினவினோம். தன் கையால் திறந்ததைத் தானே அடைக்கமாட்டேன் என்றாள். தங்கள் வாழை இன்றும் அவள் விட்ட தண்ணீரைக் குடித்துத்தான் குலைதள்ளி நிற்கிறது. அந்தப் பழத்தை உண்ணத் தங்களுக்கு எப்படித்தான் மனம் வருமோ!

ஆதலின் ஆணையாவது: உடன்பாடு ஏற்கப்படவில்லை; முறையீடு உயிரோடு இருக்கிறது; ஊர்ச்சபைத் தீர்ப்பு நிறுத்திவைக்கப்பட்டது. ஓலை கண்டதும் தாங்களே சேற்றில் இறங்கி, உமையாண்டாள் கண்முன் மதகைத் திறக்கவும். மறுப்பின் வேந்தரே வந்து இறங்கித் திறப்பார். அவர் கைபட்டுத் திறந்த மதகு அதன்பின் தங்களுடையதாய் இராது.

வேந்தர் செவியேற்று முத்திரையிட்ட இவ்வோலைக்கு மறுமொழியாய்த் தங்கள் கணையாழிப் பதிவு வேண்டா. கொணர்ந்தவனிடம் சேறு படிந்த விரலைப் பதித்து அனுப்புக. உலர்ந்த கை இந்த அவையில் செல்லாது.