உங்கள் சாரம் போர்த்திய கண்ணாடி

அக்கரப்பத்தனை,
நவம்பர் மாதம். திகதி கேட்காதீர்கள்.

என் அன்புக்குரிய மதுரன் அப்பாவுக்கு,

உங்கள் சுலக்ஷனா எழுதுவது. நான், மதுரன், வயிற்றில் இருக்கும் வாயாடி எல்லோரும் நலம். கட்டாரில் நீங்கள் நேரத்துக்குச் சாப்பிட்டுச் சுகமாக இருக்க மாரியம்மாவை வேண்டிக்கொள்கிறேன். போன் இருக்கக் கடிதம் எதற்கு என்று கேட்பீர்கள். போன் இங்கே செத்துக் கிடக்கிறது. ஏன் என்று சொல்லத்தான் எழுதுகிறேன், சிரிக்காமல் படியுங்கள். சிரித்தாலும் பரவாயில்லை, நாங்களே சிரித்துக்கொண்டுதான் இருக்கிறோம்.

அலியார் நானா கடையில் ஒரு நிலைக்கண்ணாடி வாங்கினேன் என்று சொன்னேன் அல்லவா? அது வீட்டில் நடக்கப்போவதை முன்கூட்டியே காட்டுகிற ஜாதி. விற்கும்போதே நானா, "எது செஞ்சாலும் துணி போட்டு மூடிறாதீங்க தங்கச்சி" என்றார். நானும் தலையை ஆட்டிவிட்டு வந்தேன்.

முதலில் அது காட்டியதெல்லாம் சின்னச் சின்ன விஷயம். மதுரன் பால் கோப்பையைத் தட்டிவிடுவது முன்னமே தெரியும். நான் கோப்பையை நகர்த்தி வைத்தால் அவன் தண்ணீர்க் குடத்தைத் தட்டுவான். உங்கள் பிள்ளை அல்லவா?

அப்புறம் ஒரு நாள் தலை சீவப் போனேன். கண்ணாடிக்குள் நான் கட்டிலில் உட்கார்ந்திருந்தேன், மடியில் பச்சைப் பிள்ளை. சுவர்க் கலண்டரில் நவம்பர். உங்கள் லீவோ டிசம்பரில். நீங்கள் எங்கும் இல்லை. மதுரன் பிறந்தபோதும் இப்படித்தான். நீங்கள் வந்து பார்க்கும்போது அவனுக்குப் பல் முளைத்துவிட்டது. உங்களைக் கண்டு வீரிட்டு அழுதான், பிறகு ஒரு வழியாக 'மாமா' என்றான். லயத்து வரிசை வீடுகள் எல்லாமே சிரித்தன, நீங்களும் சிரித்தீர்கள். முகம் கழுவுகிற சாக்கில் பீலித் தண்ணீருக்குப் போய் நெடுநேரம் நின்றதை நான் பார்த்தேன். அதை நினைத்துத் தலை சீவாமலே அழுதேன்.

அன்று மத்தியானம் திம்புள்ளப் பக்கம் வானம் கறுத்து, இடி இடித்தது. இடி மின்னலில் நம் வீடுகளில் யார் கண்ணாடியைத் திறந்து வைப்பார்கள்? பக்கத்து வீட்டு மீனம்மா அக்கா ஓடி வந்து, "என்னா புள்ள, வாயும் வயிறுமா இருக்கையில கண்ணாடிய இப்படியா தொறந்து போட்டு வப்ப?" என்று ஏசிக்கொண்டே, கொடியில் கிடந்த, நீங்கள் இடுப்பில் கட்டும் சாரத்தை எடுத்துப் போர்த்திவிட்டார். நானா சொன்னது எனக்கும் மறந்துபோயிற்று.

மழை விட்டது. பொழுது மட்டும் போகவில்லை. பருப்பு கொதிக்கவில்லை, வெயில் வாசற்படியை விட்டு நகரவில்லை, போனிலும் மணி நின்று, அழைப்பே போகவில்லை. தொழிற்சாலையில் இராவேலை முடித்து வந்த பழனியாண்டி அண்ணன் முற்றத்தில் கால் வைத்ததும் திகைத்து நின்றார். வெளியே விடிந்துவிட்டதாம். நம் லயத்தில் மட்டும் நேற்றைய மத்தியானம்!

சாரத்தின் ஓரத்தைத் தூக்கிப் பார்த்தேன். கண்ணாடிக்குள் எல்லாம் மாறியிருந்தது. நான் தள்ளிய வயிறோடு நிற்கிறேன். வாசலில் நீங்கள், தலை நனைந்து, பையைக்கூட இறக்காமல். பட்டென்று மறுபடி மூடினேன்.

லயத்தாரைக் கூப்பிட்டு உள்ளதைச் சொல்லி, சாரத்தை எடுத்துவிடவா என்று கேட்டேன். மீனம்மா அக்காவுக்குத்தான் நஷ்டம் அதிகம். அடைக்கு வைத்த கோழி உட்கார்ந்தது உட்கார்ந்தபடியே இருக்கிறது. ஆனாலும் அவர்தான் முதலில், "கோழி கெடக்கட்டும் புள்ள. ஒம் புருசன் யோகேஸ் வந்து புள்ள மூஞ்சியப் பாக்கட்டும்" என்றார். பழனியாண்டி அண்ணன் தூங்க இருட்டில்லை என்று முணுமுணுத்துவிட்டுக் கம்பளியைத் தலையோடு மூடிக்கொண்டார். மற்றவர்கள் காலையில் பெரட்டுக் களத்தில் பேர் கொடுத்துக் கொழுந்து எடுத்து, கீழ் லயத்தில் சோறாக்கிச் சாப்பிட்டு, மறுபடி மத்தியானத்துக்கே திரும்பி வருகிறார்கள். பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். இருட்டினால்தானே உள்ளே கூப்பிட முடியும்!

நானா வந்து பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். துணியை எடுத்தால் விட்ட இடத்திலிருந்து பொழுது நடக்குமாம், வேறு கெடுதல் இல்லையாம். நான் மட்டும் முற்றத்தைத் தாண்டுவதில்லை. தாண்டினால் வெளி நேரம் என்னைப் பிடித்துக்கொள்ளும். மருத்துவிச்சி அம்மா சோதித்துவிட்டு, போன தடவை பார்த்த மாதிரியே இருக்கிறதே என்று வியந்தார். பிள்ளை நன்றாக இருக்கிறதாம். உதை மட்டும் குறையவில்லை.

ஒன்றுதான் கவலை. லீவைத் தள்ளிப்போட முதலாளி கேட்கிறார் என்று கடைசியாகப் பேசியபோது சொன்னீர்கள். கண்ணாடி காட்டுவது மாறும். மாறியதைக் கண்ணால் கண்டவள் நான். ஆகையால் அவரிடம் சொல்லுங்கள், ஊரில் ஒரு லயமே எனக்காக ஒரே மத்தியானத்தில் உட்கார்ந்திருக்கிறது என்று. அவர் நம்பாவிட்டால் போகட்டும். நீங்கள் நம்புங்கள்.

மாரியம்மா வழித்துணையாக வரட்டும். சாமான் வாங்குகிறேன் என்று கொழும்பில் நிற்க வேண்டாம். நேரே வந்து, சாரத்தை உங்கள் கையாலேயே எடுங்கள். அதற்குப் பிறகு பொழுது சாயட்டும், எனக்கும் வலி எடுக்கட்டும்.

இப்படிக்கு,
இன்னும் அதே மத்தியானத்தில் இருக்கும்
உங்கள் சுலக்ஷனா