ஈயத் தகட்டில் என் பெயர்

என் மனைவி தோனாத்தாவுக்கு ரொகாத்துஸ் எழுதுவது. அம்மாவுக்கு என் வணக்கம். உன் முழங்கால் வலி தேவலையா? நான் நலம். பிரித்தானியாவில் நம் ஆப்பிரிக்க எண்ணெய் நன்றாக விற்கிறது.

ஒரு சின்ன விஷயம், பதறாதே. போன வாரம் வெந்நீர்க் குளியல் கூடத்தில் ஒருவனுடைய மேலங்கி காணாமல் போயிற்று. தான் சந்தேகப்படுகிறவர்களின் பெயர்களை அவன் ஈயத் தகட்டில் கீறி, சூலிஸ் அம்மனின் ஊற்றில் போட்டுவிட்டான். இந்த ஊர் வழக்கம் அது. எடுத்தவன் மேலங்கியைத் திருப்பித் தரும்வரை அவனுக்குத் தூக்கம் வரக்கூடாது என்பது சாபம். தகட்டில் என் பெயரும் இருக்கிறதாம்.

"அண்ணே, நீங்க வாயத் தொறந்தாலே ஆப்பிரிக்கா லத்தீன்னு தெரிஞ்சிருது. வெளியூர்க்காரன் பேரத்தான முதல்ல எழுதுவாங்க?" என்றாள் விடுதிக்காரி செனோவரா.

நான் எடுக்கவில்லை என்று நானும் ஒரு தகடு எழுதினேன். கோயில் எழுத்தர் வாசித்துவிட்டுச் சிரித்தார். "எழுத்துலயும் உங்க ஊர்ப் பேச்சுதான்யா வருது. எங்க அம்மன் எங்க பேச்சக் கேட்டே பழகினவ. நான் எழுதித் தரேன், போடும்."

போட்டேன். ஆனாலும் மூன்று நாளாகக் கண் மூடவில்லை. கவலைதான் காரணம், ஆனால் இங்கே யார் நம்புவார்கள்? காலையில் நன்றாகத் தூங்கி எழுந்தவன்போல எல்லோர் முன்னாலும் சோம்பல் முறிக்கிறேன்.

கம்பளிக் காலுறையும் உலர்ந்த அத்திப்பழமும் அனுப்பு. நம் ஊர்ச் சனிக்கடவுள் கோயிலுக்குப் போய், ரொகாத்துஸ் எடுக்கவில்லை என்று நம் பேச்சிலேயே உரக்கச் சொல். அவருக்காவது நான் பேசுவது புரியும். கடிதம் கொண்டுபோகும் வண்டி கிளம்புகிறது.